ஆனைமலை போய்த் திரும்பிய குரல்

எங்கள் ஆபீஸ் மீட்டிங்கில் வாரம் ஒரு தடவையாவது எக்கோ வந்துவிடும். யாரோ ஒருவர் ஹெட்செட் மாட்டாமல் ஸ்பீக்கரைப் போட்டுவிட்டு உட்கார்ந்திருப்பார். பேசுகிறவருக்குத் தன் குரலே ஒரு மூச்சு கழித்துத் திரும்பி வந்து காதில் விழும். "யாருங்க ஸ்பீக்கர்ல இருக்கறது? மியூட் பண்ணுங்க" என்று மேனேஜர் கத்துவார். எல்லோரும் முகத்தைச் சுளிப்பார்கள். நான் மட்டும் சிரித்துவிடக் கூடாதே என்று உதட்டைக் கடித்துக்கொண்டு இருப்பேன். எக்கோவை ஒரு கோளாறு என்று சொன்னால் என்னால் இன்றுவரை ஒப்புக்கொள்ள முடிவதில்லை. ஆறாம் வகுப்பு முடிந்த கோடை விடுமுறை முழுக்க நான் அதோடு குடித்தனம் நடத்தியிருக்கிறேன்.

பல்லடத்துக்குப் பக்கத்தில் எங்களுக்குக் கறிக்கோழிப் பண்ணை. வீட்டுக்குப் பின்னால் நீளமாக இரண்டு கொட்டாய்கள். அப்பா பேச்சையெல்லாம் கோழிகளுக்கே செலவழித்துவிடுவாரோ என்னவோ, வீட்டுக்குள் வந்தால் பத்து வார்த்தை பேசினாலே அதிகம். அந்தப் பத்தில் மறந்தும் வராத ஒரு வார்த்தை ஆனைமலை. அப்பாவின் ஒரே தங்கையான என் அத்தை அங்கேதான் வாழ்க்கைப்பட்டிருந்தார்.

சண்டை ஒரு வேனால் வந்தது. அத்தை மகள் பெரியவளான சீருக்குத் தாய்மாமன் என்கிற முறையில் அப்பாதான் மாலை போட வேண்டும். சீர்த் தட்டுகளை ஏற்றிக்கொண்டு கிளம்பிய எங்கள் வேன் பொள்ளாச்சி தாண்டியதும் நின்றுவிட்டது. மெக்கானிக்கைத் தேடிப் பிடித்து வண்டியைக் கிளப்பிக்கொண்டு அப்பா போய்ச் சேர்வதற்குள், நல்ல நேரம் போகிறதென்று அத்தையின் மாமனார் வீட்டார் அத்தைக்கு ஒன்றுவிட்ட அண்ணன் ஒருவரைக் கூப்பிட்டு மாலையைப் போட வைத்துவிட்டார்கள். அப்பா வாசலில் நின்று பார்த்தார். தட்டுகளைப் பந்தக்காலடியில் இறக்கி வைத்தார். ஒரு வாய்த் தண்ணீர் குடிக்காமல் வண்டியைத் திருப்பிவிட்டார். தெருமுனைவரைக்கும் அத்தை பின்னாலேயே ஓடிவந்தாராம். பிறகு பல நாள் போன் அடித்துப் பார்த்தார், அப்பா எடுக்கவில்லை. அப்புறம் அத்தைக்கும் ரோஷம் வந்துவிட்டது. அண்ணன் தங்கை இருவருக்கும் ஒரே அப்பாவின் மூக்கும் ஒரே அப்பாவின் பிடிவாதமும். சொந்தக்காரர் வீட்டு விசேஷங்களில் ஒரே பந்தலின் கீழ் ஆளுக்கொரு மூலையில் உட்கார்ந்துவிட்டு எழுந்து வருவார்கள்.

அப்படிப்பட்ட ஒரு கல்யாணத்தில்தான் பந்தியில் எனக்குப் பக்கத்து இலையில் அத்தை மகன் வந்து உட்கார்ந்தான். என்னைவிட இரண்டு வயது மூத்தவன், எனக்கு மச்சான் முறை. பெரியவர்கள் அந்தப் பக்கம் இந்தப் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டிருந்த நேரத்தில், நாங்கள் வடையைக் கடித்துக்கொண்டே போனில் என்ன கேம் ஆடுகிறோம் என்று பேசிக்கொண்டோம். இருவரும் ஒரே கேம். ஒரு தீவில் ஜோடி ஜோடியாக இறங்கிச் சுட்டுக்கொண்டு கடைசிவரைக்கும் உயிரோடு நிற்கும் ஜோடி ஜெயிக்கிற கேம். ரசம் வருவதற்குள் ஐடியை மாற்றிக்கொண்டாயிற்று. பள்ளிக்கூடம் திறப்பதற்குள் ஒரு தடவையாவது கடைசி ஜோடியாக நின்றுவிட வேண்டும் என்பது எங்கள் சபதம். அப்பாவுக்கு இது தெரியாது. அம்மாவுக்குத் தெரியும், தெரியாத மாதிரி இருந்தார்.

ஆரம்பத்திலேயே தகராறு. வாய்ஸ் சாட்டில் நான் பேசுவது அவனுக்குக் கேட்கவே இல்லை. அவன் பேசுவது எனக்குக் கேட்கும், நான் கத்தக் கத்த அவன் "அம்மணி, இருக்கறயா இல்லையா?" என்று கேட்டுக்கொண்டே செத்துப்போவான். நான் சாட்டில் டைப் பண்ணிப் பதில் சொல்வதற்குள் என்னையும் எவனாவது சுட்டுவிடுவான். மச்சான் விடவில்லை. போனை அணைத்துப் போடச் சொன்னான். வைஃபையை விட்டு மொபைல் நெட்டுக்கு மாறச் சொன்னான். கேமை அழித்துவிட்டு மறுபடி இறக்கச் சொன்னான். கடைசியில், "மொதல்ல கேம் தொறக்கறப்ப மைக்குக்குப் பர்மிஷன் கேட்டிருக்கும், என்ன அமுக்குன?" என்று கேட்டான். எனக்குச் சுருக்கென்றது. அது அம்மாவின் பழைய போன். அதைக் கையில் கொடுக்கும்போதே, "எது கேட்டாலும் வேண்டாம்னே அமுக்கு கண்ணு, இல்லாட்டி எதையாச்சும் திருடிப்போடுவாங்க" என்று சொல்லித்தான் கொடுத்திருந்தார். நான் சொல்பேச்சுக் கேட்கிற பிள்ளை. வேண்டாம் என்று அமுக்கியிருந்தேன்.

செட்டிங்கில் போய் அந்த மைக் படத்துக்கு அனுமதி கொடுத்தேன். "மச்சான், கேக்குதுங்களா?" என்றேன்.

"கேக்குது அம்மணி! நல்லாக் கேக்குது! பின்னால என்ன, கோழியா?"

அவன் அப்படிக் கேட்ட அதே நேரத்தில் அவன் பக்கமிருந்து ஒரு மயில் அகவியது. தென்னந்தோப்புக்குள் இருக்கும் வீடு அது. எனக்கு உடம்பெல்லாம் புல்லரித்துவிட்டது. அட சாமி! எங்கள் கோழி ஆனைமலைக்குக் கேட்கிறது, ஆனைமலை மயில் எங்கள் கட்டிலுக்கு வந்துவிட்டது. விளையாட்டை மறந்து கொஞ்ச நேரம் அந்தப் பக்கத்துச் சத்தங்களையே கேட்டுக்கொண்டிருந்தேன். யாரோ மட்டை இழுக்கிறார்கள், யாரோ டம்ளரைக் கீழே வைக்கிறார்கள். அந்த டம்ளர் அத்தையுடையதாக இருக்கும் என்று நினைத்தபோது, பார்க்கக் கூடாததைப் பார்த்துவிட்ட மாதிரி நெஞ்சு அடித்துக்கொண்டது.

அதற்கப்புறம் வந்ததுதான் எக்கோ. நான் எதைச் சொன்னாலும் அது போய்த் திரும்பி வந்தது. "வலது பக்கம் ரெண்டு பேரு வாராங்க" என்பேன். ஒரு மூச்சு கழித்து என் குரலே எனக்கு, "வலது பக்கம் ரெண்டு பேரு வாராங்க" என்று சேதி சொல்லும். அவனுக்கும் அவன் குரல் திரும்பி வந்ததாம். நாங்கள் சுடப்போகிற ஆளைக்கூட 'வாராங்க, போறாங்க' என்று மரியாதையோடுதான் சொல்வோம், அது எங்கள் ஊர் வளர்ப்பு. அந்த மரியாதை இரண்டிரண்டு தடவை ஒலிப்பதற்குள் அவர்கள் வந்து எங்களைச் சுட்டுவிட்டுப் போய்விடுவார்கள்.

மச்சான் இதையும் விடவில்லை. "ஒவ்வொண்ணா அணைச்சுப் பாக்கலாம்" என்றான். நான் மியூட் பண்ணினால் அவனுக்கு எக்கோ நின்றது. அவன் மியூட் பண்ணினால் எனக்கு நின்றது. ஆக, கோளாறு இரண்டு பக்கமும் இருந்தது. ஸ்பீக்கரில் வரும் சத்தத்தை அந்தந்த போனின் மைக்கே பிடித்துத் திருப்பி அனுப்புகிறது, காதில் மாட்டிக்கொண்டால் சரியாகிவிடும் என்று கண்டுபிடித்தான். அவன் புத்தியை நினைத்து நான் வாயைப் பிளந்தேன்.

"உங்ககிட்டத்தான் ஹெட்செட் இருக்குதுங்களே, மாட்டுங்க" என்றேன்.

"எங்கம்மா மாட்ட உட மாட்டேங்கறாங்க அம்மணி. காது செவுடாப் போயிருமாம். ஸ்பீக்கர்ல போட்டுத்தான் ஆடோணுமாம். நான் ஆடறப்பெல்லாம் அவிய அரிசி பொடைக்கறதுக்கு இங்கதான் வந்து உக்காந்துக்கறாங்க."

அத்தைக்கு மகன் காதின் மேல் எவ்வளவு அக்கறை என்று நினைத்துக்கொண்டேன்.

ஒரு நாள் சாயங்காலம் நான் கட்டிலில் படுத்து ஆடிக்கொண்டிருந்தேன். அப்பா வாசற்படியில் வந்து நின்று, "ஏங்கண்ணு, பொழுதன்னைக்கும் இதேதானா? எந்திரிச்சு வந்து கோழிக்குத் தண்ணி வருதான்னு பாரு" என்றார். நான் வாயைத் திறப்பதற்குள் போனிலிருந்து அப்பாவின் குரல் வந்தது. "ஏங்கண்ணு, பொழுதன்னைக்கும் இதேதானா?" அப்பா விறைத்துப்போய் நின்றார். ஆனைமலைக்கு நாலைந்து வருஷமாக அவர் போகவில்லை, அவர் குரல் மட்டும் போய்விட்டுத் திரும்பி வந்திருந்தது. அது முடிந்த கையோடு, முறத்தில் அரிசி விழும் சத்தத்துக்கு நடுவில் ஒரு பெண்குரல் யாரிடமோ சொன்னது:

"மணி ஆறாச்சு. இன்னுமா கோழிக்குத் தண்ணி உடல?"

போச்சு, மாட்டிக்கொண்டோம், போனைப் பிடுங்கிக் கிணற்றில் போடப்போகிறார் என்று நினைத்தேன். அப்பா போனையே பார்த்துக்கொண்டு நின்றார். பிறகு மெல்ல வந்து கட்டிலின் ஓரத்தில் உட்கார்ந்தார். என்னைப் பார்க்கவில்லை. சமையலறைப் பக்கம் திரும்பி, அங்கே இருந்த அம்மாவிடம் உரக்கச் சொன்னார். "ஏம்புள்ள, மோட்டாரு ரிப்பேருன்னு தெரியாதா? காயிலு கட்டக் கடைக்குப் போயிருக்குது. அதான் தண்ணிக்கு நேரமாகுது."

மோட்டாரைப் பற்றி அம்மா எதுவுமே கேட்டிருக்கவில்லை. கையில் கரண்டியோடு எட்டிப் பார்த்தார், என்னைப் பார்த்தார், போனைப் பார்த்தார், உள்ளே போய் ஓடிக்கொண்டிருந்த மிக்ஸியை நிறுத்தினார்.

பேச்சு இல்லாதவர்களிடம் பேசுவதற்கென்றே எங்கள் பக்கத்தில் ஒரு பேச்சு உண்டு. மாட்டிடம் சொல்வார்கள், சுவரிடம் சொல்வார்கள், இடுப்பில் இருக்கும் குழந்தையிடம் சொல்வார்கள். கேட்க வேண்டியவர் கேட்டுக்கொண்டு, தன் பங்குக்கு வேறொரு சுவரிடம் பதில் சொல்வார். ரோஷமும் கெடாது, சேதியும் போய்ச் சேரும். ஆனால் நாற்பது ஐம்பது மைல் தாண்டி அதைச் செய்வதற்கு அதுவரைக்கும் வழி இருக்கவில்லை.

அன்று தொடங்கி சாயங்காலமானால் அப்பா வந்துவிடுவார். ஏதாவது ஒரு சாக்கு, பனியன் எடுக்க, டார்ச் தேட. அப்புறம் கட்டிலோரம் உட்கார்ந்து சுவரைப் பார்த்துப் பேசத் தொடங்குவார். பத்து வார்த்தைக்கு மேல் பேசாத மனிதர்! அம்மாவின் மூட்டு வலி, புதிதாகப் போட்ட போர்வெல்லில் தண்ணீர் வந்தது, பழைய வீட்டு வேப்பமரம் காற்றில் சாய்ந்தது என்று ஒன்றுவிடாமல் சொல்வார். அந்தப் பக்கத்தில் அத்தை மகனிடம் சொல்வது போலச் சொல்வார். "கண்ணு, அந்த வேப்பமரத்துலதான் எங்கண்ணன் எனக்குத் தூரி கட்டிக் குடுத்துது." அதற்கு அப்பா சுவரிடம், "தூரியிலிருந்து உழுந்து பல்ல ஒடச்சுக்கிட்டதையும் சொல்லச் சொல்லு" என்பார். நான் வாயைப் பிளந்துகொண்டு கேட்பேன். என் அப்பாவுக்குள் இத்தனை பேச்சு இருந்ததா? இவர் ஊஞ்சலெல்லாம் கட்டியிருக்கிறாரா? போனுக்குள்ளிருந்து வேறு ஒரு அப்பா இறங்கி வந்து உட்கார்ந்துவிட்ட மாதிரி இருந்தது.

ஆச்சரியமெல்லாம் சரி, விளையாட்டு நாசமாய்ப் போனது. எதிராளி நடந்து வருகிற காலடிச் சத்தம் கேட்டால்தான் தப்பிக்க முடியும். வேப்பமரத்துக்கும் மூட்டு வலிக்கும் நடுவில் எங்கிருந்து காலடி கேட்கிறது? தினமும் இறங்கியதும் செத்தோம். பள்ளிக்கூடம் திறக்கிற நாள் நெருங்கிவிட்டது. "இப்படியே உட்டா ஆவறதில்ல அம்மணி. நானும் எங்கம்மாவுக்குத் தெரியாம மாட்டிக்கறேன், நீயும் ஒரு ஹெட்செட் தேடிப் புடி" என்றான் மச்சான். அம்மாவின் போனோடு வந்து பிரிக்காமலே பீரோவில் கிடந்த ஒன்றை நான் எடுத்து வைத்துக்கொண்டேன்.

மறுநாள் இருவரும் மாட்டிக்கொண்டோம். என்ன சொல்ல! எக்கோ துளியும் இல்லை. மச்சான் குரல் காதுக்குள்ளேயே பேசியது. புல்லில் ஒருவன் ஊர்ந்து வருவதுகூடக் கேட்டது. கடைசி வீட்டின் மாடியில் ஒருவனை நான் சுட்டேன், படியில் ஒருவனை அவன் சுட்டான். திரையில் பொன்னிறத்தில் எங்கள் இருவர் பெயரும் வந்தன. கடைசி ஜோடி! "சுட்டுப்போட்டோம் மச்சான்!" என்று நான் கட்டிலின் மேல் ஏறிக் குதித்தேன்.

அப்போதுதான் அப்பாவைக் கவனித்தேன். எப்போது வந்து உட்கார்ந்தாரோ தெரியாது. தேங்காய்க்கு நல்ல விலை போகிறதாமே என்று சுவரிடம் சொல்லிவிட்டு, போனைப் பார்த்துக்கொண்டு காத்திருந்தார். நான் ஒரு காதைக் கழற்றியபோது இன்னொரு தடவை சொன்னார். போன் ஒன்றும் சொல்லவில்லை.

"கண்ணு, அந்தச் சத்தம் திரும்பித் திரும்பி வருமே. வர்றதில்லையா?"

"அது கோளாறுங்கப்பா. நானும் மச்சானும் சரி பண்ணிப்போட்டோம்!" என்றேன் பெருமையாக.

"அப்படியா" என்றார். கையை முழங்காலில் ஊன்றி எழுந்தார். "சரி பண்ணாம இருந்தப்ப நல்லாத்தான இருந்துச்சு" என்று சொல்லிவிட்டுக் கொட்டாய்ப் பக்கம் போனார். அன்று சோறு வேண்டாம் என்றுவிட்டார். என் காதுக்குள் மச்சானும் ஏதோ அலுத்துக்கொண்டிருந்தான். "எங்கம்மா சும்மா சும்மா வந்து நின்னுட்டுப் போறாங்க அம்மணி. என்னன்னு கேட்டா ஒண்ணுமில்லைங்கறாங்க."

அடுத்த நாள் காலையில் என் ஹெட்செட்டைக் காணோம். வீடெல்லாம் தேடினேன். கடைசியில் கோழிக் கொட்டாயின் தண்ணீர்த் தொட்டியின் அடியில் ஊறிக் கிடந்தது. "கோழி தூக்கிட்டுப் போயிருக்கும்" என்றார் அப்பா, முகத்தை அந்தப் பக்கம் வைத்துக்கொண்டு. எங்கள் கறிக்கோழி தன் உடம்பைத் தூக்கிக்கொண்டு நாலு எட்டு வைக்கவே திணறும். அது கதவைத் தாண்டி வந்து, கட்டிலில் ஏறி, ஹெட்செட்டைக் கவ்விக்கொண்டு போயிருக்கிறது என்றால்! அந்தக் கோழி எதுவாக இருக்கும் என்று கொட்டாயில் போய் வெகுநேரம் பார்த்துக்கொண்டு நின்றேன். சாயங்காலம் ஸ்பீக்கரில் மச்சானைக் கூப்பிட்டால் அவனும் ஸ்பீக்கரில் இருந்தான். அவனுடையது துணியோடு சேர்ந்து வாஷிங் மெஷினில் சுற்றிவிட்டதாம்.

"சாபம் உட்டுட்டாங்க அம்மணி யாரோ" என்றான். அது ஒரு மூச்சு கழித்து அவனுக்கே திரும்பிப் போயிருக்கும்.

அன்று அப்பா சாக்கு ஒன்றும் சொல்லாமல் நேராக வந்து உட்கார்ந்தார். அந்தப் பக்கம் முறத்துச் சத்தம் இல்லை. நாங்கள் தீவில் இறங்கி ஓடிக்கொண்டிருந்தோம். அப்போது அத்தை பேசினார். குரல் வழக்கத்தைவிட மெதுவாக வந்தது.

"கண்ணு, உங்கக்காளுக்கு ஆவணியில முகூர்த்தம் குறிச்சாச்சு. எங்க மாமன் வந்து மாலை போட்டுக் கூட்டிட்டுப் போனாத்தான் மணவறை ஏறுவேன்னு அவ ஒத்தக் கால்ல நிக்கறா. போன தடவையாட்ட வேற யாரும் தொடக் கூடாதாம். நான் இதை யாருகிட்டப் போய்ச் சொல்லுவேன்?"

அப்பா எழுந்தார். போய்விடப் போகிறார் என்று நினைத்தேன். கதவுவரைக்கும் போனவர் அங்கேயே நின்று, சமையலறையைப் பார்த்துச் சொன்னார்.

"ஏம்புள்ள... வேனை இப்பவே சர்வீசுக்கு உட்டுறலாம். இந்தத் தடவ மொதநாளே போயிரோணும்."

அது ஆனைமலை போயிற்று. "மொதநாளே போயிரோணும்" என்று திரும்பி வந்தது. அப்பாவின் குரலுக்குப் பின்னால் யாரோ விசும்புகிற சத்தமும் சேர்ந்து வந்தது. அம்மா முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். தீவில் மச்சானின் ஆள் வெட்டவெளியில் அசையாமல் நின்றான், என் ஆளும் நின்றாள். எங்களை யாரோ சாவகாசமாக வந்து சுட்டுவிட்டுப் போனார்கள். சர்வீசுக்கு விடுவதற்கெல்லாம் எதற்காக இப்படி அழ வேண்டும் என்று நான் திகைத்து உட்கார்ந்திருந்தேன்.

ஆவணியில் சொன்னபடி முதல் நாளே போய் இறங்கினோம். வேன் ஒரு இடத்திலும் இருமக்கூட இல்லை. வாசலில் அத்தை நின்றார், அப்பா தட்டோடு நின்றார், நடுவில் நான். "கண்ணு, சீர் வந்திருக்குதுன்னு உங்கத்தகிட்டச் சொல்லு" என்றார் அப்பா. "உங்கப்பாவ உள்ள வரச் சொல்லு கண்ணு" என்றார் அத்தை. கைநீட்டினால் தொட்டுவிடலாம், அவ்வளவு பக்கம். இருந்தும் நேராக ஒரு சொல் இல்லை. மறுநாள் மச்சானின் அக்காவுக்கு அப்பா மாலை போட்டுக் கூட்டிப்போனபோதுகூட அப்படித்தான்.

பந்தியில் நானும் மச்சானும் பக்கத்துப் பக்கத்து இலை. கேமில் நிபுணர்களாகிய நாங்கள் அந்தப் பழைய மர்மத்தை எடுத்துவைத்துக்கொண்டு அலசினோம்.

"எங்க ஊட்டுல கோழி தூக்கிட்டுப் போயித் தண்ணித் தொட்டியில போட்டுருச்சுங்க மச்சான்."

"என்னோட ஹெட்செட்டு சட்டை ஜோப்புலயே இல்ல அம்மணி. மேசை மேல வெச்சிருந்தேன், மெஷினுக்குள்ள எப்படிப் போச்சுன்னே தெரியல. அதும் அதே நாளு பாரு."

ரசம் வருகிறதா என்று திரும்பிப் பார்த்தேன். பரிமாறுகிறவர்களை மேற்பார்வை பார்த்தபடி எங்களுக்குப் பின்னால் அப்பாவும், நாலடி தள்ளி அத்தையும் நின்றிருந்தார்கள். அப்பா ரசவாளியை ரொம்பக் கவனமாகப் பார்த்துக்கொண்டிருந்தார். காது இரண்டும் சிவந்திருந்தன. அத்தை அவர் முகத்தையே பார்த்தார். யாரையும் நடுவில் வைக்காமல், சுவரைத் தேடாமல், நேராக அவரைப் பார்த்துக் கேட்டார்.

"நீங்களுமாங்கண்ணா?"

அப்பாவுக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. அத்தை சேலைத் தலைப்பால் வாயை மூடிக்கொண்டு குலுங்கினார். சிரிக்கிறார்களா அழுகிறார்களா என்றே தெரியவில்லை, இருவர் கண்ணிலும் தண்ணீர். அப்பா கையை நீட்டி அத்தையின் தலையில் ஒரு குட்டு வைத்தார். பந்தியே எங்கள் பக்கம் திரும்பிப் பார்த்தது.

நானும் மச்சானும் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டோம். எங்கள் ஹெட்செட் கெட்டுப்போனதில் இவர்களுக்கு அப்படி என்ன சந்தோஷம்? ஒன்றும் விளங்கவில்லை. இரண்டும் ஒரே கம்பெனி, மட்டமான சரக்கு, தண்ணீர் பட்டால் தாங்காது என்று தீர்மானித்துவிட்டு, இன்னொரு கரண்டி பாயசம் கேட்டு வாங்கிக்கொண்டோம்.